ஆறு கார்கள் ஓடிய பந்தயம்

பந்தயத் தடம் – வரலாற்றுத் தொடர்: அத்தியாயம் 14

2005 மார்ச் 6 அன்று மெல்பர்னில் நரேன் கார்த்திகேயன் ஃபார்முலா ஒன் களத்தில் இறங்கி, 15-ஆவது இடத்தில் பந்தயத்தை முடித்ததைச் சென்ற அத்தியாயத்தில் பார்த்தோம். அந்தக் களத்தில் கார் ஓட்டிய முதல் இந்தியர் கோயம்புத்தூரில் வளர்ந்த ஒரு தமிழர். அவர் தந்தை ஜி.ஆர். கார்த்திகேயன், ராலிப் போட்டிகளில் பெயர் வாங்கியவர். மாருதி எஞ்சினை வைத்து ஒற்றை இருக்கைப் பந்தயக் கார் செய்துகாட்டிய கரிவர்தனின் ஊரும் அதே கோவைதான். இருங்காட்டுக்கோட்டை பந்தயத் தடத்தில் கற்றதை வைத்து இங்கிலாந்து, ஆசியா, ஜப்பான் என்று பல தொடர்களில் ஓட்டித் தேறித்தான் நரேன் அந்த இடத்துக்கு வந்தார்.

மெல்பர்னுக்கு மூன்றரை மாதம் கழித்து, அதே ஆண்டு ஜூன் 19 ஞாயிற்றுக்கிழமை, அமெரிக்காவின் இண்டியானாபொலிஸ் நகரில் அவருக்கு நான்காவது இடம் கிடைத்தது. 5 புள்ளிகள். ஃபார்முலா ஒன் வரலாற்றில் ஓர் இந்திய ஓட்டுநர் புள்ளி எடுத்தது அன்றுதான்.

ஆனால் அந்தப் பந்தயத்தின் பெயரைச் சொன்னாலே பலர் முகம் சுளிப்பார்கள். தகுதி பெற்ற 20 கார்களில் 14 கார்கள் விளக்கு அணைவதற்கு முன்பே வெளியேறிவிட்டன. ஓடியவை 6. 'ஆறு பேர் ஓடி நாலாவது வந்தது ஒரு பெருமையா, ஓசியில் வந்த புள்ளிதானே' என்ற பேச்சு அன்றைக்கே கிளம்பி இன்றுவரை ஓயவில்லை. அந்தப் பேச்சு நியாயமா என்று முடிவு கட்டுவதற்கு முன், அந்த மூன்று நாட்களில் நடந்ததை ஒழுங்காகத் தெரிந்துகொள்வது அவசியம்.

புது விதி

முதலில் அந்த ஆண்டின் விதி. 2004-இல் நடந்த 18 பந்தயங்களில் 15-ஐ ஃபெராரி வென்றிருந்தது. யார் ஜெயிப்பார்கள் என்பது முன்கூட்டியே தெரிந்துவிட்டால் பார்ப்பவர்களுக்கு என்ன சுவாரசியம்? கார்களின் வேகத்தையும் குறைக்க வேண்டும், செலவையும் குறைக்க வேண்டும் என்று உலக மோட்டார் பந்தய அமைப்பான எஃப்.ஐ.ஏ. 2005-க்குப் புது விதிகள் கொண்டுவந்தது. அவற்றில் முக்கியமானது டயர் விதி. அதுவரை பந்தயத்தின் நடுவே பிட்டுக்கு வந்து டயர் மாற்றிக்கொள்வது வழக்கம். இனி அது கூடாது. தகுதிச் சுற்றுக்கும் பந்தயத்துக்கும் சேர்த்து ஒரே தொகுதி டயர்தான். பஞ்சர் ஆனாலோ, ஓட்டுவது ஆபத்து என்றாலோ மட்டும் விலக்கு.

அப்போது ஃபார்முலா ஒன்னுக்கு டயர் கொடுத்தவை இரண்டு நிறுவனங்கள். பிரான்சின் மிச்செலின், ஜப்பானின் பிரிட்ஜ்ஸ்டோன். புது விதி மிச்செலினுக்கு நன்றாகவே ஒத்துப்போனது. ரெனோ, மெக்லாரன், வில்லியம்ஸ், டொயோட்டா, பி.ஏ.ஆர்., சாபர், ரெட் புல் ஆகிய ஏழு அணிகள் மிச்செலின் பக்கம். ஃபெராரி, ஜோர்டான், மினார்டி என்ற மூன்றே அணிகள் பிரிட்ஜ்ஸ்டோன் பக்கம். ரெனோவின் ஃபெர்னாண்டோ அலான்சோ முன்னணியில் நிற்க, மெக்லாரனின் கிமி ரைக்கோனன் துரத்திக்கொண்டிருந்தார். ஏழு முறை உலகச் சாம்பியனான மைக்கேல் ஷூமாக்கர் அந்த ஆண்டு அதுவரை ஒரு பந்தயம்கூட ஜெயிக்கவில்லை. அவருடைய பிரிட்ஜ்ஸ்டோன் டயர் பந்தயம் முழுக்கத் தாக்குப்பிடிக்கத் திணறியதே முக்கியக் காரணம்.

நரேன் ஓட்டியது ஜோர்டான் கார். ஒரு காலத்தில் பந்தயங்களை வென்ற அணிதான். ஆனால் 2005-இல் கைமாறி, பணமில்லாமல், வரிசையின் கடைசியில் மினார்டியோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தது. எஞ்சின் டொயோட்டாவிடம் வாங்கியது. அமெரிக்கா வரும்வரை அந்த அணி ஒரு புள்ளிகூட எடுக்கவில்லை.

13-ஆவது வளைவு

இண்டியானாபொலிஸ் என்றால் உலகம் முழுக்கத் தெரிந்தது '500 மைல்' பந்தயம். அது ஓடும் தடம் நீள்வட்டமானது. நான்கு மூலையிலும் சாலை ஒரு பக்கமாகச் சாய்ந்திருக்கும். ஃபார்முலா ஒன்னுக்காக அந்த நீள்வட்டத்தில் ஒரு பகுதியை எடுத்துக்கொண்டு, உள்ளே வளைவுகள் நிறைந்த ஒரு பாதையையும் சேர்த்து 4.192 கிலோமீட்டர் சுற்று அமைத்திருந்தார்கள். உள்பாதையிலிருந்து வெளியே வரும் கார், 13-ஆவது வளைவு என்று எண் தரப்பட்ட சாய்வு வளைவில் முழு வேகத்தில் திரும்பி, அப்படியே நீண்ட நேர்ப்பாதைக்குப் போய்விடும். சாய்வு ஏறத்தாழ 9 டிகிரி. அந்த ஆண்டின் காலண்டரில் வேறெந்தத் தடத்திலும் இப்படி ஒரு வளைவு கிடையாது.

அந்த இடத்தில் டயருக்கு என்ன நடக்கிறது என்று கொஞ்சம் கிட்டப் போய்ப் பார்ப்போம். சாதாரண வளைவில் டயரைப் பக்கவாட்டில் இழுக்கும் விசைதான் பெரிது. சாய்வு வளைவில் கார் தரையோடு சேர்த்து அழுத்தவும்படுகிறது. இறக்கைகள் உண்டாக்கும் காற்றழுத்தம் வேறு மேலிருந்து அமுக்குகிறது. வலப்பக்கம் திரும்பும் வளைவு என்பதால் பாரமெல்லாம் இடப்பக்கச் சக்கரங்களில் இறங்கும். எஞ்சினின் முழு விசையும் பின்சக்கரத்தில். ஆக இடது பின் டயர்தான் எல்லாவற்றையும் சேர்த்துத் தாங்க வேண்டும். அதன் பக்கச்சுவர் சுற்றுக்கு ஒரு முறை நசுங்கி நிமிர்கிறது. 73 சுற்று என்றால் 73 முறை. ஓட்டுநர் கால் ஆக்சிலரேட்டரை விட்டு எழும்பாது. அங்கே டயர் பிய்ந்தால் தப்ப மணல் பரப்போ புல்வெளியோ இல்லை. நேராகக் கான்கிரீட் சுவர்தான்.

போதாக்குறைக்கு, தடத்தின் மேற்பரப்பைப் புதுப்பித்து, கோடு கோடாகச் செதுக்கியிருந்தார்கள். பிரிட்ஜ்ஸ்டோனுக்கு இதில் ஓர் அனுகூலம் இருந்தது. அதன் அமெரிக்க நிறுவனமான ஃபயர்ஸ்டோன் சில வாரங்களுக்கு முன்புதான் அதே தளத்தில் 500 மைல் பந்தயத்துக்கு டயர் கொடுத்திருந்தது. புதுத் தளம் டயரை என்ன செய்யும் என்பது அவர்களுக்குத் தெரியும். மிச்செலினுக்கு அந்த அனுபவம் இல்லை.

ஜூன் 17, வெள்ளிக்கிழமைப் பயிற்சி. டொயோட்டாவின் ரால்ஃப் ஷூமாக்கர், மைக்கேலின் தம்பி, 13-ஆவது வளைவில் போய்க்கொண்டிருந்தபோது இடது பின் டயர் போனது. கார் சுழன்று சுவரில் மோதியது. முந்தைய ஆண்டும் அதே வளைவில் டயர் போய், அதே சுவரில் மோதி, முதுகெலும்பில் காயம்பட்டு மாதக்கணக்கில் ஒதுங்கியிருந்தவர் அவர். இந்த முறை உயிருக்கு ஆபத்தில்லை என்றாலும் பந்தயத்தில் ஓட்ட முடியவில்லை. அவருக்குப் பதிலாக வந்த ரிக்கார்டோ ஸோன்டாவுக்கும் அன்றைய பயிற்சியில் டயர் பழுதாகியிருந்தது.

இரண்டு டயர் போனது தற்செயலாக இருக்கலாம் என்று மிச்செலின் நினைத்துப் பார்த்தது. மற்ற அணிகளின் டயர்களைக் கழற்றிப் பார்த்தபோது அந்த நம்பிக்கையும் போனது. பல டயர்களில் அதே பலவீனம் தெரிந்தது.

சனிக்கிழமையும் ஞாயிறு காலையும்

சனிக்கிழமை தகுதிச் சுற்று நடந்தது. டொயோட்டாவின் யார்னோ ட்ருல்லி முதலிடம் பிடித்தார். அந்த நிறுவனத்துக்கு அதுதான் முதல் போல் பொசிஷன். ஃபெராரியின் மைக்கேல் ஷூமாக்கர் 5-ஆவது, அதே அணியின் பாரிச்செல்லோ 7-ஆவது. ஜோர்டானின் தியாகோ மான்டெய்ரோ 17, மினார்டியின் கிறிஸ்டியான் ஆல்பர்ஸ் 18, நரேன் 19, மினார்டியின் பாட்ரிக் ஃப்ரீசாகர் 20.

அதே நேரத்தில் திரைமறைவில் கடிதங்கள் பறந்தன. 13-ஆவது வளைவில் கார்களின் வேகத்தைக் குறைக்காவிட்டால் இந்த டயர்களை வைத்துப் பந்தயம் ஓட்ட முடியாது, பத்துச் சுற்றுக்கு மேல் உத்தரவாதம் இல்லை என்று மிச்செலின் கைவிரித்தது. பிரான்சிலிருந்து வேறு வகை டயர்களை வரவழைத்தது. விதிப்படி அதை மாட்டினால் தண்டனை உண்டு. அதைவிட மோசம், அந்த டயரிலும் இதே கோளாறு இருப்பது சோதனையில் தெரிந்தது.

மிச்செலின் அணிகள் வைத்த தீர்வு எளியது. 13-ஆவது வளைவுக்கு முன்னால் சிக்கேன் ஒன்று போடுங்கள், அதாவது இடமும் வலமுமாக ஒடித்துத் திரும்ப வேண்டிய தடுப்பு. எல்லாரும் வேகத்தைக் குறைத்துத்தான் அந்த வளைவுக்கு வருவார்கள், டயரும் தாங்கும். ஞாயிறு காலை அணித் தலைவர்கள் கூடிப் பேசினார்கள். ஃபார்முலா ஒன்னின் வணிகத் தலைவர் பெர்னி எக்கிள்ஸ்டோன் இருந்தார், தடத்தின் தலைவர் டோனி ஜார்ஜ் இருந்தார். பத்தில் ஒன்பது அணிகள் சம்மதித்தன. ஃபெராரியின் ஜான் டோட் மட்டும் சேரவில்லை. இது எஃப்.ஐ.ஏ. முடிவு செய்ய வேண்டிய விஷயம், எங்களுடையது அல்ல என்றார்.

எஃப்.ஐ.ஏ. தலைவர் மாக்ஸ் மோஸ்லி இண்டியானாபொலிஸில் இல்லை. பேச்செல்லாம் தொலைபேசியில். அவர் சிக்கேனுக்கு ஒப்பவில்லை. சோதித்துப் பார்க்காத ஒரு மாற்றத்தைப் பந்தயத்தன்று செய்து, அதில் ஒருவர் செத்தால் யார் பதில் சொல்வது? ஒழுங்கான டயரோடு வந்த மூன்று அணிகளை, ஒழுங்கில்லாத டயரோடு வந்தவர்களுக்காக ஏன் தண்டிக்க வேண்டும்? இவை அவர் கேட்ட கேள்விகள். அதற்குப் பதிலாக எஃப்.ஐ.ஏ. மூன்று வழிகள் சொன்னது. 13-ஆவது வளைவில் மெதுவாகப் போங்கள். அல்லது ஆபத்து என்று தோன்றும்போதெல்லாம் டயரை மாற்றிக்கொள்ளுங்கள். அல்லது ஒவ்வொரு சுற்றும் பிட் பாதை வழியாகப் போய்விடுங்கள். முந்நூறு கிலோமீட்டர் வேகத்தில் ஒரு கார் வரும் இடத்தில் இன்னொரு கார் தவழ்ந்தால் என்ன ஆகும் என்று மிச்செலின் அணிகள் கேட்டன. அந்த மூன்று வழியையும் அவை ஏற்கவில்லை.

இன்னொரு யோசனையும் முன்வைக்கப்பட்டது என்று மினார்டி உரிமையாளர் பால் ஸ்டாடர்ட் பின்னர் விவரமாக எழுதினார். பட்டியலில் சேராத பந்தயமாகவாவது நடத்துங்கள், எங்களுக்குப் புள்ளி வேண்டாம், வந்த மக்களுக்கு ஒரு பந்தயத்தைக் காட்டிவிடலாம் என்று மிச்செலின் அணிகள் இறங்கி வந்தன. அதுவும் எடுபடவில்லை.

ஒரு சுற்று, 14 கார்கள்

இந்தியாவில் அப்போது ஞாயிறு நள்ளிரவு நெருங்கிக்கொண்டிருந்தது. 20 கார்களும் தங்கள் தங்கள் இடத்தில் வந்து நின்றன. அரங்கில் ஏறத்தாழ ஒரு லட்சம் பேர். அவர்களில் பெரும்பாலோருக்கு உள்ளே நடந்த பேச்சு எதுவும் தெரியாது.

பந்தயத்துக்கு முன் வரிசையாக ஒரு சுற்று ஓட்டிவந்து மறுபடி அவரவர் கட்டத்தில் நிற்க வேண்டும். 20 கார்களும் கிளம்பின. சுற்று முடியும் இடத்தில், முன்னால் போன ட்ருல்லி நேராக வராமல் பிட் பாதைக்குள் திரும்பினார். அவர் பின்னால் ரைக்கோனன். ஜென்சன் பட்டன். அலான்சோ. ஒன்றன் பின் ஒன்றாக 14 கார்களும் உள்ளே போய், அணிக் கூடத்தில் நுழைந்து, எஞ்சினை அணைத்தன.

19-ஆவது கட்டத்தில் காரை நிறுத்திய நரேனின் கண்முன் இருந்த காட்சியை நினைத்துப் பாருங்கள். வழக்கமாகப் பதினெட்டு கார்களின் முதுகும் புகையும் தெரியும் இடம். அன்று தொலைவில் இரண்டு சிவப்பு ஃபெராரிகள், பிறகு நீளமான வெற்றுச் சாலை, பக்கத்தில் தன்னோடு சேர்த்து நான்கு ஏழை அணிக் கார்கள். ஐந்து விளக்குகளும் ஒவ்வொன்றாக எரிந்தன. அணைந்தன. பந்தயம் தொடங்கிவிட்டது.

நம் தூத்துக்குடி, நெல்லைச் சீமையில் கோயில் விழாவுக்கு மாட்டு வண்டிப் பந்தயம் பார்த்தவர்களுக்கு அந்தக் கூட்டத்தின் கோபம் புரியும். விடியற்காலையிலேயே வந்து சாலை இரு மருங்கும் இடம் பிடித்து நிற்கிறோம். இருபது ஜோடி காளைகள் பூட்டிக் கோட்டுக்கு வந்துவிட்டன. கொடி அசைக்கும் நேரத்தில் பதினாலு சாரதிகள் காரணமே சொல்லாமல் வண்டியைத் திருப்பிக்கொண்டு போனால் நாம் சும்மா இருப்போமா? இண்டியானாபொலிஸிலும் சும்மா இருக்கவில்லை. அரங்கம் முழுக்கக் கூச்சல். பணத்தைத் திருப்பிக் கொடு என்ற கோஷம். தடத்துக்குள் பாட்டில்கள் வந்து விழுந்தன. பாதிப் பந்தயத்துக்குள் ஆயிரக்கணக்கானோர் எழுந்து போய்விட்டார்கள்.

73 சுற்றுகள்

மீதி ஆறு பேரும் ஓட்டினார்கள். அதைத்தான் பலர் மறந்துவிடுகிறார்கள். ஆறு கார்தான் என்பதற்காகத் தூரம் குறையவில்லை. 73 சுற்று, 306 கிலோமீட்டர். 13-ஆவது வளைவும் அங்கேயே இருந்தது, அதன் சுவரும் அங்கேயே இருந்தது. பிரிட்ஜ்ஸ்டோன் டயர் தாங்கும் என்று நிறுவனம் சொல்கிறது. ஆனால் இரண்டு நாளாக எல்லாருடைய வாயிலும் அந்த வளைவைப் பற்றிய பயம்தான். அதையும் மனதில் வைத்துக்கொண்டு 73 முறை காலை எடுக்காமல் திரும்ப வேண்டும். தடத்துக்குள் விழும் பாட்டில்கள்மேல் ஒரு கண் வைக்க வேண்டும்.

முன்னால் இரண்டு ஃபெராரிகளுக்கு இடையே மட்டும் ஒரு நெருக்கடி வந்தது. 51-ஆவது சுற்றில் ஷூமாக்கர் பிட்டிலிருந்து வெளியேறும் நேரமும் பாரிச்செல்லோ முதல் வளைவுக்கு வரும் நேரமும் ஒன்றாகிவிட, பாரிச்செல்லோ புல்வெளிக்கு ஒதுங்கித் தப்பினார். அதன்பிறகு இருவரும் அதே வரிசையில் வந்து முடித்தார்கள். ஷூமாக்கருக்கு அந்த ஆண்டு முழுவதிலும் கிடைத்த ஒரே வெற்றி அதுதான்.

பின்னால் நடந்த போட்டி வேறு. ஜோர்டானின் இரண்டு ஓட்டுநர்களுக்கும் தெரியும், மூன்றாவது இடத்துக்கு இனி வாழ்நாளில் இப்படி ஒரு வாய்ப்பு வராது என்று. அணிக்குள் அவர்கள் இருவரும்தான் ஒருவருக்கொருவர் எதிரி. மான்டெய்ரோ தகுதிச் சுற்றில் இரண்டு இடம் முன்னால் நின்றார். பந்தயத்திலும் அந்த முன்னிலையை விட்டுக்கொடுக்கவில்லை. ஷூமாக்கருக்கு ஒரு சுற்று பின்தங்கி மான்டெய்ரோ மூன்றாவது, அதே சுற்றில் நரேன் நான்காவது. இரண்டு சுற்று பின்தங்கி ஆல்பர்ஸ் ஐந்தாவது, ஃப்ரீசாகர் ஆறாவது. ஆறு கார்களும் முடித்தன. ஒன்றுகூட வழியில் நிற்கவில்லை, ஒன்றுகூடச் சுவரில் மோதவில்லை.

பரிசளிப்பு மேடைக்கு வர வேண்டிய பிரமுகர்கள் வரவில்லை. ஃபெராரி ஓட்டுநர்கள் கோப்பையை வாங்கிக்கொண்டு சத்தமில்லாமல் இறங்கிவிட்டார்கள். மான்டெய்ரோ மட்டும் நின்று ஷாம்பெயின் பீய்ச்சிக் கொண்டாடினார். போர்த்துக்கல் நாட்டுக்காரர் ஒருவர் ஃபார்முலா ஒன் மேடை ஏறுவது அதுவே முதல் முறை. அவரை யாரும் குறை சொல்ல முடியாது. இன்னொரு வேடிக்கையான உண்மையும் உண்டு. போல் பொசிஷன் எடுத்த டொயோட்டா கூடத்துக்குள் நின்றது, டொயோட்டா எஞ்சின் வாங்கிப் போட்ட ஜோர்டான் மேடை ஏறியது.

யார் குற்றம்?

பத்து நாளில் எஃப்.ஐ.ஏ. விசாரணை நடத்தியது. ஏழு அணிகள்மேல் ஐந்து குற்றச்சாட்டுகள். தகுந்த டயர் இல்லாமல் வந்தது, காரணமின்றிப் பந்தயத்தில் ஓடாமல் நின்றது என்ற இரண்டில் குற்றவாளிகள் என்று ஜூன் 29-இல் தீர்ப்பு வந்தது. ஜூலையில் புதிய ஆதாரங்களைப் பார்த்து அதையும் ரத்து செய்துவிட்டார்கள். மிச்செலின், அன்று டிக்கெட் வாங்கியவர்களுக்குப் பணத்தைத் திருப்பித் தருவதாக அறிவித்தது. அடுத்த ஆண்டுப் பந்தயத்துக்கு 20,000 டிக்கெட் வாங்கி ரசிகர்களுக்குக் கொடுக்கவும் முன்வந்தது. 2006 முதல் டயர் மாற்றம் மறுபடி அனுமதிக்கப்பட்டது. அந்த ஆண்டின் முடிவில் மிச்செலின் ஃபார்முலா ஒன்னை விட்டே போனது. 2007-க்குப் பிறகு இண்டியானாபொலிஸில் ஃபார்முலா ஒன் பந்தயம் நடக்கவே இல்லை. அமெரிக்கப் பந்தயம் திரும்ப வந்தது 2012-இல், டெக்சாஸ் மாநிலத்தின் ஆஸ்டினில்.

என் தீர்ப்பு இது. டயரைத் தவறாகக் கணக்கிட்டது மிச்செலினின் குற்றம். ஓடும் தடத்தின் தன்மை அறிந்து டயர் கொண்டுவருவது அவர்கள் வேலை. அதை பிரிட்ஜ்ஸ்டோன் செய்தது, மிச்செலின் செய்யவில்லை. ஆனால் தவறு தெரிந்த பிறகு கார்களை நிறுத்தியது குற்றமல்ல, கடமை. நான் இருக்கும் குலசேகரன்பட்டினத்தில் இப்போது ராக்கெட் ஏவுதளம் எழுந்துகொண்டிருக்கிறது. 2024 பிப்ரவரி 28-இல் அடிக்கல் நாட்டப்பட்டது. ஏவுவதற்கு முன் எங்கோ ஒரு கசிவு தெரிந்தால் எண்ணிக்கையை நிறுத்துவது கோழைத்தனம் இல்லை என்பது இங்கே எல்லாருக்கும் தெரியும். 2019 ஜூலை 15 அதிகாலை, சந்திரயான்-2 புறப்பட 56 நிமிடம் இருக்கும்போது ஸ்ரீஹரிகோட்டாவில் நிறுத்தினார்கள். நிறுத்தியதை உடனே நாட்டுக்குச் சொன்னார்கள். ஒரே வாரத்தில், 22-ஆம் தேதி, சரிசெய்து ஏவினார்கள். யாரும் கல்லெறியவில்லை.

இண்டியானாபொலிஸில் நடக்காமல் போனது, நிறுத்தியதை உடனே சொல்லும் இந்த இரண்டாவது பகுதிதான். காசு கொடுத்து வந்து உட்கார்ந்த லட்சம் பேரிடம், இன்று இந்த 14 கார்கள் ஓடா, காரணம் இது, என்று சொல்ல ஒருவரும் இல்லை. ஒப்பந்தத்தை மீறவில்லை என்று காட்டிக்கொள்ள ஒரு சுற்று ஓட்டிவிட்டு ஒதுங்கினார்கள். வெள்ளி மாலையே கோளாறு தெரிந்தும், ஞாயிறு மதியம் வரை ஒருவர் மற்றவர் இறங்கி வருவார் என்று காத்திருந்தார்கள். விதியைக் காப்பாற்ற வேண்டும் என்ற மோஸ்லியின் வாதத்தில் நியாயம் உண்டு. ஆனால் புள்ளி வேண்டாம், மக்களுக்காக ஓட்டுகிறோம் என்ற யோசனை வந்தபோது அதை ஏற்காததற்கு விதியைக் காரணம் காட்ட முடியாது. பந்தயத்தின் உயிரே பார்ப்பவர்தான் என்பதை அந்த மூன்று நாளும் பேசியவர்கள் எவரும் முதலில் வைக்கவில்லை. அது அதிகாரத்தில் இருந்தவர்களின் குற்றம், அதில் பெரிய பங்கு எஃப்.ஐ.ஏ.வுக்கு.

ஐந்து புள்ளிகள்

இந்தக் குற்றப் பட்டியலில் எங்காவது நரேன் கார்த்திகேயனின் பெயர் வருகிறதா? டயரை அவர் செய்யவில்லை. சிக்கேனை அவர் தடுக்கவில்லை. ஓடுவதா வேண்டாமா என்று முடிவு செய்தது அவர் அணி. கையில் ஸ்டீயரிங்கைக் கொடுத்து ஓட்டு என்றார்கள், விதிக்கு உட்பட்ட டயரில், முழுத் தூரமும், தவறில்லாமல் ஓட்டி முடித்தார். மற்றவர்கள் தயாராக வராத நாளில் தயாராக வந்தவருக்குக் கிடைத்ததை ஓசி என்று சொல்வது அநியாயம்.

மறுபக்கத்தையும் மறைக்க வேண்டியதில்லை. 20 கார்களும் ஓடியிருந்தால் ஜோர்டான் காரில் அவர் நான்காவது வந்திருக்க முடியாது. அதனால்தான் அவரை இந்த ஒரு பந்தயத்தை வைத்து அளக்கவும் கூடாது. 1994-இல் பிரிட்டனில் ஃபார்முலா ஃபோர்டு குளிர்காலத் தொடரை வென்றவர் அவர். 1996-இல் ஃபார்முலா ஆசியா சாம்பியன். 2005-இன் அந்த மெதுவான காரிலேயே ஜப்பானின் சுசூகா தகுதிச் சுற்றில் 11-ஆவது இடம் பிடித்தவர். 2010-இல் அரசு பத்மஸ்ரீ கொடுத்தது. அதன் பிறகும் 2011, 2012-இல் எச்.ஆர்.டி. அணிக்காக ஓட்டி, மொத்தம் 46 ஃபார்முலா ஒன் பந்தயங்களில் களம் இறங்கினார்.

அவர் ஓட்டிய ஜோர்டான் அணியின் கதையும் அதோடு முடியவில்லை. 2006-இல் மிட்லாண்ட், பிறகு ஸ்பைக்கர், 2008-இல் ஃபோர்ஸ் இந்தியா என்று பெயர் மாறிக்கொண்டே போய், இன்று ஆஸ்டன் மார்ட்டின் என்ற பெயரில் ஓடுகிறது. ஜோர்டான் என்ற பெயரில் அந்த அணி கடைசியாக மேடை ஏறியது இண்டியானாபொலிஸில்தான். மினார்டி என்ற பெயர் கடைசியாகப் புள்ளி எடுத்ததும் அங்கேதான். சின்ன அணிகள் சொந்தப் பெயரோடு ஃபார்முலா ஒன்னில் பிழைக்க முடிந்த ஒரு காலம் அந்த ஆண்டோடு முடிந்தது என்பதற்கு அந்தப் புள்ளிப்பட்டியலே சான்று.

நரேனுக்குப் பிறகு ஃபார்முலா ஒன்னில் பந்தயம் ஓட்டிய இந்தியர் இன்னும் ஒருவர்தான். 2010-இல் களம் இறங்கிய சென்னையின் கருண் சந்தோக். அவருக்குப் புள்ளி எதுவும் கிடைக்கவில்லை. சோழவரம் பழைய விமான ஓடுதளத்தில் கார் ஓட்டத் தொடங்கிய தலைமுறையிலிருந்து, இருங்காட்டுக்கோட்டையும் கோவை செட்டிபாளையமும் வரை, இந்த நாட்டின் மோட்டார் பந்தயத்தை வளர்த்தது தமிழ்நாடுதான். இந்தியாவின் இரண்டு ஃபார்முலா ஒன் ஓட்டுநர்களும் தமிழ்நாட்டிலிருந்தே போனது தற்செயல் அல்ல.

ஆகவே, அடுத்த முறை இண்டியானாபொலிஸ் பேச்சு வந்து, யாராவது 'ஆறு பேரில் நாலாவதுதானே' என்றால், அந்த மூன்று நாள் கதையை முழுதாகச் சொல்லுங்கள். இந்திய ஓட்டுநர்கள் ஃபார்முலா ஒன்னில் இன்றுவரை எடுத்த மொத்தப் புள்ளி 5. அந்த ஐந்தும் நரேன் கார்த்திகேயன் 73 சுற்று ஓட்டி எடுத்தவை.

(தொடரும்)